பாலைநிலத்து அரசப்பாம்பு: வாசகர் கேள்வி – பதில்

இம்முறை வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே ஒரு படத்தைப் பற்றியவை. கைப்பேசி வழியாகக் காங்கயத்தில் தொடங்கிப் பொள்ளாச்சி வரை ஊர் ஊராகச் சுற்றிய அந்தப் பாம்புப் படத்துக்கே இந்தப் பகுதி முழுவதையும் ஒதுக்கிவிட்டேன். மற்றக் கேள்விகளுக்கு அடுத்த இதழில் பதில் வரும்.

கேள்வி: கருத்த உடம்பும் அதன்மேல் மஞ்சள் புள்ளிகளுமாக ஒரு பாம்பின் படம் எங்கள் வாட்ஸ்அப் குழுவில் வந்தது. வெள்ளகோவில் பக்கம் ஒரு கொறங்காட்டில் (வேலியிட்ட மேய்ச்சல் காட்டில்) பிடிபட்டது என்றும், கடித்தால் அரை மணி நேரத்தில் உயிர் போய்விடும் என்றும் எழுதியிருந்தார்கள். இரண்டு நாளாக ஆடு மேய்க்கப் போகவே ஆட்கள் தயங்குகிறார்கள். இது என்ன பாம்புங்க? (காங்கயம் வட்டத்திலிருந்து ஒரு வாசகர்)

பதில்: நீங்கள் அனுப்பிய படத்தைப் பெரிதாக்கி நெடுநேரம் பார்த்தேன். முதுகில் கருநிறச் சேணங்களைப் போலப் பட்டைகள் வரிசையாக இருக்கின்றன. ஒவ்வொரு பட்டைக்கும் அடுத்ததற்கும் இடையே மெல்லிய மஞ்சள் கோடு குறுக்கே ஓடுகிறது. விலாப்பக்கம் வந்தால் ஒவ்வொரு செதிலிலும், கருஞ்சிலேட்டில் தினை மணியை வரிசை பிசகாமல் ஒட்டியதுபோல, ஒரு மஞ்சள் பொட்டு இருக்கிறது. தலை ஏறக்குறைய முழுக் கறுப்பு. கழுத்து தனியாகத் தெரியாத அளவுக்குத் தலையும் உடலும் ஒரே சீராக இணைகின்றன. கண்ணின் பாவை வட்டமாக இருக்கிறது. செதில்களின் நடுவே மேடு இல்லாததால் தோல் எண்ணெய் தடவியதுபோல் மின்னுகிறது. இத்தனை அடையாளங்களும் ஒருங்கே அமைந்த பாம்பு நம் நாட்டில் இல்லை. இது வட அமெரிக்காவின் வறண்ட நிலத்தில் வாழும் 'டெசர்ட் கிங் ஸ்நேக்'; தமிழில் பாலைநில அரசப்பாம்பு என்று சொல்லலாம். இதற்கு நஞ்சு கிடையாது.

அறிவியலார் இதை லாம்ப்ரோபெல்டிஸ் ஸ்பிளெண்டிடா என்று அழைக்கிறார்கள். முதற்சொல் 'ஒளிரும் கேடயம்' என்று பொருள்படும் கிரேக்கச் சொற்களிலிருந்தும், இரண்டாவது 'பளபளப்பானது' என்னும் லத்தீன் சொல்லிலிருந்தும் வந்தவை. ஸ்பென்சர் பேர்ட், சார்லஸ் ஜிரார்ட் என்னும் இரு அமெரிக்க இயற்கையியலாளர்கள் 1853-இல் இதை முதன்முதலாக விவரித்து எழுதினார்கள். பின்னர் நெடுங்காலம் பொது அரசப்பாம்பின் ஒரு கிளையினமாகவே எண்ணப்பட்டு வந்தது; 2009-இல் மரபணு ஆய்வின் அடிப்படையில் தனி இனமாகப் பிரிக்கப்பட்டது. டெக்சாஸ், நியூ மெக்சிகோ, அரிசோனாவின் தென்கிழக்கு மூலை, அங்கிருந்து தெற்கே மெக்சிகோவின் நடுப்பகுதி வரையிலான மேட்டுநிலம் ஆகியவை இதன் நாடு. வளர்ந்த பாம்பு பெரும்பாலும் மூன்றடி முதல் நாலடி வரை இருக்கும். ஐந்தடியைத் தொடுவது அரிது.

ஆகவே இந்தப் பாம்பை நினைத்து ஒருவரும் ஆட்டைப் பட்டியில் அடைத்து வைக்க வேண்டியதில்லை. ஆனால் கொறங்காட்டில் நாம் அஞ்ச வேண்டிய பாம்பு ஒன்று உண்மையாகவே இருக்கிறது. கல்லுக்கடியிலும் காய்ந்த புல்லிலும் மண்ணோடு மண்ணாகக் கிடக்கும் சுருட்டை விரியன்தான் அது. ஒரு முழ நீளமே இருப்பதால் பலரும் அதைக் குட்டிப் பாம்பு என்று எண்ணிவிடுகிறார்கள். மேய்க்கப் போகிறவர்கள் காலில் செருப்பும் கையில் கோலும் இல்லாமல் போக வேண்டாம் என்று சொல்லுங்கள். படத்தை அனுப்பியவர்மீது கோபப்படாமல், இந்தப் பதிலையும் அதே குழுவில் போட்டுவிடுங்கள்.

கேள்வி: படத்தின் மூலையில் சப்பாத்திக்கள்ளி தெரிகிறதே? பின்னால் இருப்பது வேலிக்காத்தான் மரம் போலவும் இருக்கிறது. அமெரிக்கா என்றால் எப்படி? (தாராபுரத்திலிருந்து ஒரு விவசாயி)

பதில்: நல்ல கண் உங்களுக்கு. ஊர்க்காரர்கள் அந்தப் படத்தை உடனே நம்பிவிட்டதற்கு இந்தச் செடிகளும் ஒரு காரணமாக இருந்திருக்க வேண்டும்.

சப்பாத்திக்கள்ளியின் சொந்த ஊர் அமெரிக்கக் கண்டம்தான். நம் மேட்டாங்காட்டு வரப்புகளில் ஈட்டி ஈட்டியாக நிற்கும் ஆனைக்கத்தாழை மெக்சிகோவிலிருந்து வந்தது. சீமைக்கருவேலம் என்றும் வேலிக்காத்தான் என்றும் நாம் சொல்லும் மரமும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்ததே. பெயரிலுள்ள 'சீமை' அதற்குச் சாட்சி. அதன் நெருங்கிய உறவான மெஸ்கீட் என்னும் மரம்தான் டெக்சாஸ் வறள்நிலமெங்கும் புதராக மண்டிக் கிடக்கிறது. அந்தப் புதரடியில்தான் நம் அரசப்பாம்பு இரை தேடுகிறது. ஆகையால் அப்பாம்பின் வீட்டு முற்றத்தைப் படம் எடுத்தால் அது நம் வீட்டு வேலியைப் போலத் தெரிவதில் வியப்பில்லை.

செடிகள் அங்கிருந்து இங்கே வந்தது மட்டும் இல்லை, நம்மிடம் உள்ள ஒரு புல் அங்கேயும் போயிருக்கிறது. கொறங்காட்டில் கிளுவை வேலிக்குள், வெள்வேல மரத்து நிழலில் நம் மாடுகள் மேய்கின்ற கொழுக்கட்டைப் புல்லின் தாயகம் ஆப்பிரிக்காவும் இந்தியா உள்ளிட்ட ஆசியப் பகுதிகளும் ஆகும். மேய்ச்சலுக்கென்று அங்கே கொண்டுபோய் விதைக்கப்பட்ட அதே புல், இன்று அரிசோனாவிலும் மெக்சிகோவின் சோனோராவிலும் களையாகப் பரவி, காய்ந்த காலத்தில் தீப்பிடித்து, தீயையே அறியாத அந்தப் பாலைத் தாவரங்களை எரித்துக்கொண்டிருக்கிறது. நம் மாட்டுக்கு உயிர்த் தீவனமான ஒரு புல் வேறொரு மண்ணில் தீயாக மாறியிருப்பதை அறிந்தபோது எனக்கு வருத்தமாகவே இருந்தது. கீழே வரும் இன்னொரு கேள்விக்கும் இது பொருந்தும் என்பதால் மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: கிங் ஸ்நேக், கிங் கோப்ரா இரண்டும் ஒன்றுதானா? ஆனைமலையில் இருக்கும் ராஜநாகத்தின் தம்பி என்று இதைச் சொல்லலாமா? (கோபிசெட்டிபாளையத்திலிருந்து கல்லூரி மாணவி ஒருவர்)

பதில்: சொல்ல முடியாது. இரண்டுக்கும் 'கிங்' என்ற பட்டம் கிடைத்ததற்குக் காரணம் ஒன்றே: இரண்டும் மற்றப் பாம்புகளைப் பிடித்துத் தின்கின்றன. உறவுமுறை அதோடு நின்றுவிடுகிறது.

வால்பாறைப் பக்கத்து மழைக்காட்டில் வாழும் ராஜநாகம் கடும் நஞ்சுடையது. நல்ல பாம்பும் கட்டுவிரியனும் சேர்ந்த குடும்பத்தைச் சேர்ந்தது. நஞ்சுள்ள பாம்புகளில் உலகிலேயே நீளமானது. அண்மையில், 2024-இல், ராஜநாகம் என்று நாம் ஒரே பெயரில் அழைத்து வந்தவை உண்மையில் நான்கு இனங்கள் என்று ஆய்வாளர்கள் பிரித்துக் காட்டினார்கள்; அவற்றுள் மேற்குத் தொடர்ச்சி மலையில் இருப்பதற்கு ஓபியோபேகஸ் காளிங்கா என்று பெயர். அரசப்பாம்போ நம் சாரைப்பாம்பும் வெள்ளிக்கோல் வரையனும் இடம்பெற்றிருக்கும் பெருங்குடும்பத்தைச் சேர்ந்தது. முறை வைத்துத்தான் ஆக வேண்டுமென்றால், தோட்டத்தில் எலி பிடிக்கும் நம் சாரைக்குத் தூரத்துப் பங்காளி என்று சொல்லலாம். இந்தக் குழப்பத்தைத் தவிர்க்கவே 'ராஜ' என்ற சொல்லை விட்டுவிட்டு அரசப்பாம்பு என்று எழுதுகிறேன்.

கேள்வி: நஞ்சில்லாத பாம்பு, நஞ்சுள்ள விரியனைக் கடித்துத் தின்னும் என்று படித்தேன். விரியன் திருப்பிக் கடிக்காதா? கடித்தால் சாகாதா? கீரியைப் போல ஏதாவது பூண்டைத் தின்று நஞ்சை முறித்துக்கொள்ளுமா? (உடுமலையிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: இந்தக் கேள்விக்குச் சற்று விரிவாகவே பதில் சொல்ல வேண்டும்.

பாலைநில அரசப்பாம்பு விரியனை மட்டுமே தின்று வாழ்வதில்லை என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். எலி, ஓணான் வகைகள், பறவை முட்டை, பல்லி முட்டை, சிறு பாம்பு என்று கிடைப்பதையெல்லாம் உண்ணும். ஆனால் அதன் நாட்டில் கிலுகிலுப்பை விரியன்கள் மிகுதி. வால் நுனியில் காய்ந்த வளையங்களை உதறிக் கலகலவென்று ஒலியெழுப்பும் அந்த விரியன்கள் நம் கண்ணாடி விரியனைப் போலவே ஆளைக் கொல்லும் வலிமையுள்ளவை. அவற்றையும் இது பிடித்துத் தின்கிறது.

விரியன் திருப்பிக் கடிக்கத்தான் செய்யும். கடித்தாலும் அரசப்பாம்பு பெரும்பாலும் தப்பிவிடுவதற்குக் காரணம் அதன் இரத்தத்தில் இருக்கிறது. விரியன் நஞ்சு இரத்தக்குழாய்ச் சுவர்களையும் தசையையும் சிதைக்கும் நொதிகள் நிறைந்தது. அரசப்பாம்பின் இரத்தத் தெளிநீரில் உள்ள சில புரதங்கள் அந்த நொதிகளைப் பற்றிச் செயலிழக்கச் செய்துவிடுகின்றன. இந்தக் காப்பு அதன் நாட்டு விரியன்களின் நஞ்சுக்கு ஏற்றபடி அமைந்தது. நரம்பைத் தாக்கும் நல்ல பாம்பின் நஞ்சையும் கட்டுவிரியனின் நஞ்சையும் அதே வலிமையோடு தாங்கும் என்று கொள்ளலாகாது.

கீரியின் கதை வேறு. சண்டை முடிந்ததும் கீரி ஓடிப்போய் ஏதோ ஒரு பூண்டைக் கடித்துவிட்டு வரும் என்பதை நானும் சிறு வயதில் என் அப்பச்சியிடம் கேட்டிருக்கிறேன். அந்தப் பூண்டைத் தேடி வரப்பெல்லாம் அலைந்திருக்கிறேன். கீரிக்கு அப்படியொரு பூண்டு தேவையில்லை. நாகத்தின் நஞ்சு நரம்புக்கும் தசைக்கும் இடையேயுள்ள ஏற்பி என்னும் பூட்டில் போய்ச் சாவியைப்போல் அடைத்துக்கொண்டுதான் உயிரைக் கொல்கிறது. கீரியின் உடலில் அந்தப் பூட்டின் வடிவமே சற்று மாறியிருப்பதால் சாவி அதில் சேர்வதில்லை. கீரி பூட்டை மாற்றிக்கொண்டது. அரசப்பாம்பு சாவியையே முறித்துப் போடுகிறது. இரண்டுமே பிறவியில் வந்தவை. தின்று பெறுபவை அல்ல.

இனி அது பிடிக்கும் விதம். முதலில் விரியனின் தலைப்பக்கத்தையோ கழுத்தையோ கவ்வும். அடுத்த கணமே உடலைச் சுற்றி இறுக்கும். சுற்றி இறுக்கும் பாம்புகள் இரையை மூச்சுத் திணறடித்துக் கொல்கின்றன என்று நம் பாடநூல்களில் படித்திருப்போம். போவா என்னும் பாம்பை வைத்து 2015-இல் வெளியான ஆய்வு, இறுக்கம் முதலில் நிறுத்துவது மூச்சை அல்ல, இரத்த ஓட்டத்தை என்று காட்டியது. அரசப்பாம்புகளைப் பற்றி டேவிட் பென்னிங், பிராட் மூன் இருவரும் 2017-இல் வெளியிட்ட ஆய்வு இன்னும் சுவையானது. எலிப்பாம்பு என்னும், அதே அளவுள்ள அமெரிக்கப் பாம்புகளோடு ஒப்பிட்டபோது, தசையின் அளவில் வேறுபாடு இல்லாதிருந்தும், அரசப்பாம்புகளின் இறுக்கம் ஏறக்குறைய இரண்டு மடங்கு இருந்தது. வேறுபாடு சுற்றும் முறையில் இருந்தது. எலிப்பாம்பு தாறுமாறாகச் சுற்றிக்கொள்ள, அரசப்பாம்பு சுருள்வில்லைப் போல ஒரு சுற்றுக்குப் பக்கத்தில் இன்னொரு சுற்று என்று ஒழுங்காகச் சுற்றுகிறது. மூட்டை கட்டுகிறவர்களுக்கு இது நன்றாக விளங்கும்: கயிறும் கையும் ஒன்றாகவே இருந்தாலும், சுற்று ஒழுங்காக விழுந்தால்தான் கட்டு இறுகும்.

அதைவிட வியப்பானது விழுங்கும் விதம். எலியை விழுங்குவது எளிது; தன் நீளத்துக்கே இணையான, சில வேளைகளில் தன்னைவிடவும் நீளமான ஒரு பாம்பை ஒரு பாம்பு எப்படி வயிற்றுக்குள் அடக்கும்? கேட் ஜாக்சனும் உடன் ஆய்வாளர்களும் 2004-இல் கலிபோர்னிய அரசப்பாம்பை வைத்து இதற்கு விடை கண்டார்கள். விழுங்கப்படும் பாம்பின் முதுகெலும்பு உள்ளே போகப் போக அலை அலையாக வளைந்து, சேலைக் கொசுவம்போல மடிந்து மடிந்து அமைகிறது. நீளம் மடிப்பில் அடங்கிவிடுவதால் வயிற்றுக்குள் இடம் போதுமானதாகிறது.

விரியனுக்கும் தன் எதிரியைத் தெரியும். மனிதனோ நரியோ நெருங்கினால் சுருண்டுகொண்டு, தலையைத் தூக்கி, வாலை உதறி எச்சரிக்கும் கிலுகிலுப்பை விரியன், அரசப்பாம்பின் வாடை பட்டவுடன் அந்த வழக்கத்தையே கைவிட்டுவிடுகிறது. தலையைத் தரையோடு தரையாகத் தாழ்த்தி ஒதுக்கிக்கொண்டு, நடு உடலைப் பாலத்தின் வளைவுபோல மேலே தூக்கி, அந்த வளைவால் எதிரியை அடித்துத் தள்ளப் பார்க்கிறது. எதிரி முதலில் கவ்வுவது தலையைத்தான் என்பதாலும், எதிரியைக் கடித்துப் பயன் குறைவு என்பதாலும் இப்படி ஒரு தற்காப்பு வளர்ந்திருக்கிறது.

கேள்வி: மழையில்லாத பாலைவனத்தில் பாம்பு எப்படித் தண்ணீரில்லாமல் வாழ்கிறது? எங்கள் ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் கேட்கிறார்கள். (பொள்ளாச்சி அருகிலிருந்து ஓர் ஆசிரியை)

பதில்: பாலைவனம் என்றதும் பிள்ளைகள் மணல்மேட்டையும் ஒட்டகத்தையும் நினைப்பார்கள். இந்தப் பாம்பின் முதன்மையான வாழிடமாகிய சிவாவா பாலைநிலம் அப்படிப்பட்டதன்று. புல்லும் முட்புதரும் கள்ளியும் உள்ள மேட்டுநிலம் அது; ஆண்டுக்குச் சுமார் 200 முதல் 300 மில்லிமீட்டர் மழை பெய்கிறது; அதில் பெரும்பகுதி ஜூலை முதல் செப்டம்பருக்குள் இடிமழையாகக் கொட்டுகிறது. கோவைச் சமவெளியில் பெய்வதில் அது பாதிக்கும் குறைவு என்று ஒப்பிட்டுச் சொல்லுங்கள். குளிர்காலத்தில் இரவில் உறைபனி விழும் நிலம் என்பதையும் சேர்த்துச் சொன்னால் பிள்ளைகள் வியப்பார்கள்.

பெயரில் பாலைநிலம் இருந்தாலும் இந்தப் பாம்பு ஈரத்தை நாடியே வாழ்கிறது. ஆற்றங்கரை, ஓடையோரம், மாட்டுக்குத் தண்ணீர் தேக்கிய குட்டை, பாசன வாய்க்கால் ஆகிய இடங்களில்தான் இதை மிகுதியாகக் காணலாம். ரியோ கிராண்டே ஆற்றுப் பாசனத்தில் விளையும் வயல்களின் ஓரம் இதற்கு உகந்த இடம். காலிங்கராயன் வாய்க்கால் கரையில் தண்ணீர்ப்பாம்பையும் சாரையையும் பார்த்து வளர்ந்த பிள்ளைகளுக்கு இது எளிதில் புரியும்: தண்ணீர் இருக்கும் இடத்தில் எலியும் தவளையும் இருக்கும், அவை இருக்கும் இடத்தில் பாம்பு இருக்கும்.

வெயிலைச் சமாளிக்கும் வழி, நேரத்தை மாற்றிக்கொள்வதுதான். இளவேனிலில் காலையிலும் மாலையிலும் வெளியே வரும். கோடை முற்றியதும் பகலெல்லாம் எலி வளைக்குள் கிடந்துவிட்டு இரவில் நடமாடும். குளிர்காலத்தில் பூமிக்கடியில் ஒடுங்கிவிடும்.

கேள்வி: இது குட்டி போடுமா, முட்டையிடுமா? (ஈரோட்டிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: முட்டையிடும். கோடையின் தொடக்கத்தில், ஈரப்பதம் காக்கும் மண்ணிலோ மக்கிய குப்பையிலோ ஐந்து முதல் பன்னிரண்டு முட்டைகள் வரை இட்டுவிட்டுத் தாய் போய்விடும். ஏறக்குறைய இரண்டு மாதத்தில் குஞ்சுகள் வெளிவரும். ஒரு சாண் நீளமே உள்ள அந்தக் குஞ்சுகளுக்கு முதுகுப் பட்டைகளுக்கு இடையேயுள்ள மஞ்சள் கோடுகள் பளிச்சென்று தெரியும். விலாப்பக்கத்துப் பொட்டுகள் வளர வளரத்தான் பரவும். முதல் நாளிலிருந்தே தன் இரையைத் தானே தேடிக்கொள்ள வேண்டும்.

கேள்வி: இந்தப் பாம்பு ஆளைக் கண்டால் செத்ததுபோல் நடிக்கும் என்கிறார்களே, மெய்தானா? (பவானியிலிருந்து ஒரு வாசகி)

பதில்: மெய்தான். பாலைநில அரசப்பாம்பு அச்சுறுத்தப்பட்டால் சில வேளைகளில் மல்லாந்து, கருத்த அடிவயிற்றைக் காட்டியபடி அசையாமல் கிடந்துவிடும். எல்லாப் பாம்பும் எப்போதும் அப்படிச் செய்யும் என்று எண்ண வேண்டாம். வாலை விறுவிறுவென்று அதிர வைப்பதும், கையில் எடுத்தால் வாலடிச் சுரப்பியிலிருந்து மூக்கைத் துளைக்கும் நீரைப் பீய்ச்சுவதும் அதன் மற்றத் தற்காப்பு முறைகள். காய்ந்த சருகின்மேல் வால் அதிரும்போது எழும் ஒலி கிலுகிலுப்பை விரியனின் ஒலியைப் போலவே இருப்பதால், அந்த நாட்டிலும் இதை விரியன் என்று எண்ணி அடித்துவிடுகிறவர்கள் உண்டு.

கேள்வி: எங்கள் தோட்டத்தில் கண்ணாடி விரியன் தொல்லை அதிகம். போன வருடம் ஒரு மாடு செத்தது. விரியனைத் தின்னும் இந்தப் பாம்பை வரவழைத்துத் தோட்டத்தில் விட்டால் என்ன? அதற்கு நஞ்சும் இல்லை என்கிறீர்கள். (மூலனூர்ப் பக்கத்திலிருந்து ஒரு விவசாயி)

பதில்: மாட்டை இழந்த வேதனையோடு நீங்கள் எழுதியிருப்பது கடிதத்திலேயே தெரிகிறது. ஆனால் தயவுசெய்து அந்த எண்ணத்தை விட்டுவிடுங்கள்.

ஆப்பிரிக்கக் கரைக்கு அப்பால் ஸ்பெயின் நாட்டுக்குரிய கிரான் கனேரியா என்றொரு தீவு இருக்கிறது. அங்கே இயற்கையாகப் பாம்பே கிடையாது. வீட்டில் வளர்ப்பதற்காகக் கொண்டுவரப்பட்ட கலிபோர்னிய அரசப்பாம்புகள், நம் பாலைநில அரசப்பாம்புக்கு உடன்பிறப்பு போன்றவை, தப்பியோ கைவிடப்பட்டோ வெளியே போயின. 1990-களின் இறுதியில் அவை காட்டில் பெருகிவிட்டது தெரிய வந்தது. உலகில் வேறெங்கும் இல்லாத ஒரு பெரிய ஓணான் வகை அந்தத் தீவில் உண்டு. பாம்பு பரவிய இடங்களில் அந்த ஓணான்களின் எண்ணிக்கை நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் குறைந்துபோனதாக 2021-இல் வெளியான ஆய்வு கூறுகிறது. அரசாங்கம் ஆட்களை வைத்துப் பிடித்தும், பொறி வைத்தும், இன்று வரை அவற்றை ஒழிக்க முடியவில்லை. அவை பெரும்பாலும் மண்ணுக்குள்ளேயே வாழ்வதால் பிடிபடுவது ஒன்று என்றால் தப்புவது பல.

மூலனூர்க் காட்டில் விட்டாலும் அந்தப் பாம்பு கண்ணாடி விரியனைத் தேடிக்கொண்டு அலையாது. எளிதாகக் கிடைக்கும் ஓணானையும் அரணையையும், கவுதாரி முட்டையையும் காடை முட்டையையும்தான் முதலில் தின்னும். நம் விரியனின் நஞ்சுக்கு அதன் இரத்தம் ஈடுகொடுக்குமா என்பது வேறு கேள்வி. மேலே கொழுக்கட்டைப் புல்லைப் பற்றிச் சொன்னதை இங்கே நினைத்துக்கொள்ளுங்கள். மேலும், அயல்நாட்டு உயிரினத்தை உரிய அனுமதியின்றிக் கொண்டுவருவது சட்டப்படி குற்றம். செல்லமாக வளர்க்கலாமா என்று திருப்பூரிலிருந்து கேட்டிருந்த இளைஞருக்கும் இதுவே என் பதில்.

பாம்பைத் தின்னும் பாம்பு நம்மிடமே இருக்கிறது. நல்ல பாம்பு எலியோடு மற்றப் பாம்புகளையும் தின்கிறது. கட்டுவிரியனின் இரையில் பெரும்பங்கு பாம்புகளே. இவற்றோடு கீரியும் மயிலும் கழுகும் உங்கள் வேலிக்கு வெளியே காத்திருக்கின்றன. விரியன் உங்கள் தோட்டத்துக்கு வருவது எலிக்காக. சோளத்தட்டுப் போரைச் சாளையை ஒட்டிப் போடாமல் தள்ளிப் போடுங்கள். தேங்காய் மட்டைக் குவியலையும் கல் குவியலையும் மாட்டுக்கொட்டகை அருகிலிருந்து அகற்றுங்கள். தவிடும் புண்ணாக்கும் சிந்தாமல் மூடி வையுங்கள். இரவில் கட்டுத்தரைக்குப் போகும்போது விளக்கில்லாமல் போகாதீர்கள். எலி குறைந்தால் விரியன் குறையும். சாரையைக் கண்டால் அடிக்காமல் விட்டுவிடுங்கள். உங்கள் தோட்டத்து எலிக்கு அதைவிடச் சிறந்த ஆள் கிடைக்க மாட்டான்.

கேள்வி: படத்தைப் பார்த்த மறுநாளே எங்கள் வீட்டுத் தண்ணீர்த் தொட்டி ஓரம் பழுப்பு உடம்பில் வெள்ளைப் பட்டைகளோடு ஒரு பாம்பு வந்தது. கட்டுவிரியன் என்று எண்ணி அடித்துவிட்டோம். அதன் படத்தை இணைத்திருக்கிறேன். சரியா என்று சொல்லுங்கள். (பெருந்துறையிலிருந்து ஒரு குடும்பத் தலைவி)

பதில்: அம்மா, அது கட்டுவிரியன் அல்ல. வெள்ளிக்கோல் வரையன்; நஞ்சில்லாதது; வீட்டுச் சுவரில் பல்லி பிடித்துத் தின்ன வருவது. வீட்டில் குழந்தைகள் இருக்கும்போது இருட்டில் பட்டைபோட்ட பாம்பைக் கண்ட ஒருவர் பதறாமல் இருக்க முடியாது என்பதை அறிவேன். அடுத்த முறைக்காக வேறுபாட்டைச் சொல்கிறேன்.

உங்கள் படத்தில் பட்டைகள் கழுத்திலேயே, தலையை ஒட்டியே தொடங்குகின்றன. முன்பக்கம் தெளிவாக இருந்து வால்பக்கம் போகப் போக மங்கி மறைகின்றன. மூக்கு தட்டையாக அகன்றிருக்கிறது. கட்டுவிரியனில் இது தலைகீழ்: தலைக்குப் பின் ஒரு பகுதி வெறுமையாகவோ மங்கலாகவோ இருக்கும், பிறகுதான் மெல்லிய வெள்ளை வரிகள், பெரும்பாலும் இரண்டிரண்டாகத் தொடங்கி, வால்பக்கம் போகப் போகத் தெளிவாகும். உடல் நீலம் கலந்த கறுப்பாக மினுமினுக்கும். முதுகின் நடுக்கோட்டில் மட்டும் செதில்கள் அறுகோணமாக, மற்றவற்றைவிடப் பெரிதாக, ஒரே வரிசையாக ஓடும். உயிருள்ள பாம்பிடம் இந்தச் செதிலைப் பார்க்கக் கிட்டே போகாதீர்கள். ஐயம் இருந்தால் கட்டுவிரியன் என்றே வைத்துக்கொண்டு, குழந்தைகளை உள்ளே அனுப்பிவிட்டு, தொலைவிலிருந்து பாம்பின்மேல் ஒரு கண் வைத்தபடி தீயணைப்பு நிலையத்துக்கோ வனத்துறைக்கோ சொல்லுங்கள்.

கட்டுவிரியன் பெரும்பாலும் கடிப்பது இரவில், தரையில் பாய் விரித்துத் தூங்குகிறவர்களை. கடித்த இடத்தில் வலியோ வீக்கமோ பெரிதாகத் தெரியாது; விடியற்காலையில் வயிற்றுவலி என்றும் கண்ணிமை தூக்க முடியவில்லை என்றும் சொல்வார்கள். அப்படி ஒருவர் சொன்னால் பாம்பைக் கண்டீர்களா இல்லையா என்று பார்க்காமல், கட்டு எதுவும் போடாமல், கீறாமல், கைகாலை அசைக்க விடாமல், நஞ்சுமுறிவு மருந்து இருக்கும் அரசு மருத்துவமனைக்கு உடனே கொண்டுபோங்கள். 108-ஐ அழைத்தால் வண்டி வரும். கட்டிலிலோ, ஓரங்களை நன்றாகச் செருகிய கொசுவலைக்குள்ளோ படுக்கும் வழக்கத்தை வீட்டில் இன்றே தொடங்கிவிடுங்கள்.